பைக்குள் வராத தண்ணீர்

“ரோடு கூட்டுறவரோட மகளா எனக்கு மொகம் கழுவச் சொல்லித் தரப் போறா?”

கண்டி நகரில் ஒரு மருந்துக்கடைக் கவுண்டருக்குப் பின்னால் நான் நிற்கத் தொடங்கிய முதல் மாதத்தில் ஒரு அம்மா இப்படிக் கேட்டார். என்னைப் பார்த்துக்கூடக் கேட்கவில்லை. என் தலைக்கு மேலால், பின்னால் நின்ற மருந்தாளர் நஸ்ரினா மிஸ்ஸைப் பார்த்துக் கேட்டார். அவருடைய வீதியை அப்போது என் அப்பாதான் கூட்டிக்கொண்டிருந்தார். படிக்கிற காலத்தில், பள்ளிக்கூடம் போகும் வழியில் அப்பாவுக்குத் தேநீர் கொடுக்க நான் அந்த வீதிக்குப் போவதுண்டு. அதனால் அவருக்கு என்னைத் தெரியும்.

நடந்தது இவ்வளவுதான். முகப்பருவுக்குத் தோல் வைத்தியர் எழுதிக் கொடுத்த ரெட்டினொயிட் கிரீமுக்காக அந்த அம்மா வந்திருந்தார். கிரீமோடு சேர்த்து, உள்ளே தேய்க்கும் மணிகள் உருளும் ஒரு முகம் கழுவும் போத்தலையும் தட்டிலிருந்து எடுத்து வைத்தார். இந்தக் கிரீம் பூசும் காலத்தில் அந்தப் போத்தல் முகத்தை எரிக்கும் என்று நான் சொன்னேன். சொன்னது சரி. சொன்ன வாய்தான் அவருக்குப் பிடிக்கவில்லை.

நஸ்ரினா மிஸ் கணக்குப் போட்டுக்கொண்டிருந்த கையை நிறுத்தாமலே பதில் சொன்னார். “அவங்கட வாப்பா கூட்டி வைக்கிற ரோட்டுலதான் நீங்களும் நானும் நடக்கிற. மகள் சொன்னது சரி. இந்தப் போத்தல் வேணாம்.”

அந்த அம்மா போத்தலை வைத்துவிட்டுப் போனார். நான் மருந்து அலுமாரியின் பக்கம் திரும்பி, அடுக்கியிருந்த பெட்டிகளை இன்னொரு தடவை அடுக்கினேன்.

அந்தக் கவுண்டரில் ஆறு வருடங்களுக்கு மேல் நின்றுவிட்டு இந்த வருடம் விலகினேன். ஓய்வு என்று சொல்லும் வயது எனக்கு இல்லை. ஆனாலும் என் இடத்துக்கு வந்திருக்கும் ஷாலினி என்னை ஒரு பழைய ஆளாகத்தான் பார்க்கிறாள். இப்போது பள்ளிக்கூடப் பிள்ளைகள்கூடக் கையில் போனோடு வருகிறார்கள். வீடியோவில் யாரோ ஒருத்தி பூசிய கிரீமைக் காட்டி, “இது இருக்கா?” என்று கேட்கிறார்கள். “அக்கா, இவங்களுக்கு என்னா சொல்றது? நீங்க என்னா சொல்வீங்க? எழுதிக் குடுங்களேன்” என்றாள் ஷாலினி. அவளுக்காகத்தான் இதை எழுத உட்கார்ந்தேன். எழுதப்போனால் மருந்தை விட மனிதர்கள்தான் முன்னால் வந்து நிற்கிறார்கள்.

நான் கண்டியில் துப்புரவுத் தொழிலாளர்கள் குடியிருக்கும் மஹய்யாவவில் பிறந்தவள். அப்பா நகரத்தின் துப்புரவுத் தொழிலாளி, அவருடைய அப்பாவும் அதே வேலைதான். அம்மா நாலு வீடுகளில் வேலை செய்தார். இருவருக்கும் எழுத்து தெரியாது. உயர்தரப் பரீட்சையில் உயிரியல் எடுத்துச் சித்தியடைந்த முதல் ஆள் எங்கள் வீட்டில் நான்தான். இதைச் சொல்ல எனக்குக் கூச்சம் இல்லை, எங்கே கேட்டாலும் சொல்வேன். பல்கலைக்கழகத்துக்குப் புள்ளி போதவில்லை என்பதையும் சேர்த்தே சொல்வேன். மருந்துக்கடையில் உதவியாளராகச் சேர்ந்தேன். மருந்துப் பெயர்களையும் வைத்தியர்களின் கையெழுத்தையும் வாசிக்கப் பழகுவதில் முதல் வருடம் போனது. அதைப் பற்றி எழுத வேறொன்றும் இல்லை.

நஸ்ரினா மிஸ்ஸைப் பற்றிச் சொல்ல வேண்டும். முப்பதுகளின் நடுவில் இருப்பவர். அக்குறணைப் பக்கம் வீடு, இரண்டு பிள்ளைகள். மதிய உணவை நின்றுகொண்டே சாப்பிடுவார். யாரையும் அதட்ட மாட்டார், யாரையும் புகழவும் மாட்டார். சரியாகச் செய்தால், “ம்” என்பார். பிழையாகச் செய்தால் அந்த “ம்” வராது. அவ்வளவுதான் வித்தியாசம். நான் அந்த “ம்”முக்காக வேலை செய்தேன் என்றே சொல்லலாம்.

ரெட்டினொயிட் கிரீமுக்குச் சீட்டுக் கொண்டுவரும் பெண்களிடம் அவர் முதலில் ஒரு கேள்வி கேட்பார். அதைக் கவுண்டரின் நடுவில் நின்று கேட்க மாட்டார். நிறை பார்க்கும் தராசு இருக்கும் மூலைக்கு அழைத்துப் போய், முதுகால் மற்றவர்களை மறைத்துக்கொண்டு, குரலைத் தாழ்த்திக் கேட்பார். வயிற்றில் பிள்ளை இருக்கிறதா, எதிர்பார்க்கிறீர்களா என்று. வயிற்றுப் பிள்ளைக்கு அந்த மருந்து ஆகாது. ஆமென்றால் மருந்தைக் கொடுக்காமல் வைத்தியரிடமே திருப்பி அனுப்புவார். தராசு மூலைக்குப் போகிறவர்கள் நிறை பார்க்கப் போகிறார்கள் என்றுதான் வரிசையில் நிற்பவர்கள் நினைப்பார்கள்.

இரண்டாவது வேலை பை. “ஊட்டுல ஒங்கட மொகத்துல படுற சாமான் எல்லாத்தையும் ஒரு பையில போட்டுக்கொண்டு வாங்க” என்பார். பையைத் திறந்து ஒவ்வொன்றாகக் கவுண்டரில் வைக்கச் சொல்வார். எத்தனை பைகள் பார்த்திருப்போம். கடலைமா, பயற்றமா, உரசித் தேய்ந்த சந்தனக்கட்டை, பாதி பிழிந்த எலுமிச்சை, பெயர் ஒட்டாத வெள்ளைக் கிரீம் டப்பா. ஹேவாஹெட்ட பக்கத் தேயிலைத் தோட்டத்திலிருந்து வந்த ஒரு அக்கா உடுப்புத் தோய்க்கும் சவர்க்காரத்தையும் எடுத்து வைத்தார். கூட வந்த அவருடைய தங்கை, “அதுல இவ மொகத்த மட்டும் இல்ல மிஸ், எங்க மாமாவையும் சேத்துத்தான் தொவைக்கிறா” என்றாள். நஸ்ரினா மிஸ் சிரிக்காமல், மாமாவுக்கு அது போதும், உங்களுக்கு வேண்டாம் என்றார்.

ஷாலினிக்காக இதைத் தெளிவாக எழுதுகிறேன். ரெட்டினொயிட் பூசத் தொடங்கினால் முதல் சில கிழமைகள் தோல் வேகமாக உரிந்து தன்னைப் புதுப்பித்துக்கொள்ளும். மேல்தோல் அப்போது மெலிந்து நிற்கும். காயும், செதில் விடும், கொஞ்சம் எரியும். அந்த நேரத்தில் முகம் கழுவ எதை எடுப்பது என்பது கிரீம் அளவுக்கே முக்கியம். போத்தலின் முன்பக்கத்தைப் பார்க்காதே, அங்கே பூப்படம்தான் இருக்கும். பின்பக்கத்தைத் திருப்பு. வாசனை சேர்த்தது வேண்டாம். மணிகள் உருளுவது வேண்டாம். பருவுக்கென்று அமிலம் சேர்த்தது வேண்டாம், கிரீம் செய்கிற வேலையை அதுவும் சேர்ந்து செய்தால் தோல் தாங்காது. பொங்கப் பொங்க நுரைக்கிறதும் வேண்டாம். குழந்தைச் சவர்க்காரம் மென்மையானது என்று நம்பி வாங்குவார்கள். கட்டிச் சவர்க்காரம் அநேகமாகக் காரமானது, குழந்தைப் படம் போட்டிருந்தாலும் அப்படித்தான். கழுவித் துடைத்த பிறகு வாயை அகலத் திறந்து பார்க்கச் சொல். கன்னம் இழுத்துப் பிடித்தால் அந்தப் போத்தல் சரியில்லை. அந்த இறுக்கத்தைத்தான் நம் ஆட்கள் சுத்தம் என்று நினைக்கிறார்கள்.

நுரை வராமல் முகம் கழுவும் ஒரு கிளென்சரை நான் அப்பாவுக்கு வாங்கிக் கொடுத்தேன். அவருக்கு எந்தக் கிரீமும் இல்லை. நாள் முழுக்கத் தூசியில் நின்றுவிட்டு வந்து உடுப்புச் சவர்க்காரத்தால் முகத்தைத் தேய்ப்பதைப் பார்க்கப் பொறுக்கவில்லை, அதுதான். அப்பா உள்ளங்கையில் விட்டுத் தேய்த்துப் பார்த்தார். “என்னாம்மா இது, நொரையே வரல. ஏமாத்திட்டான்களா?” என்றார். நுரை வராவிட்டாலும் அழுக்குப் போகும் என்றேன். “அப்ப அழுக்கு போறது எப்படித் தெரியும்?” என்று கேட்டார். இந்தக் கேள்வியைத்தான் கவுண்டரில் எல்லோரும் கேட்டார்கள். அப்பா மட்டும் நான் சொன்ன பதிலை முழுக்கக் கேட்டார்.

இனி ரிப்கா டீச்சர்.

அலவத்துகொடப் பக்கம் ஒரு முன்பள்ளியில் படிப்பித்துக்கொண்டிருந்தார். என்னை விட ஒன்றிரண்டு வயது மூத்தவராக இருப்பார். நல்ல உயரம், மெல்லிய குரல். முகப்பருவுக்கு வைத்தியர் ரெட்டினொயிட் கிரீமும், ஈரம் காக்கும் லோஷனும், பகலில் பூச வெயில் கிரீமும் எழுதியிருந்தார். வாசனையில்லாத ஒரு கிளென்சரை நான்தான் எடுத்துக் கொடுத்தேன். தராசு மூலையில் கேள்வி கேட்டாகிவிட்டது, தடை ஒன்றும் இல்லை. எல்லாம் ஒழுங்காக நடந்தது.

சில கிழமைகள் கழித்து அவர் மறுபடி வந்தார். கன்னம் இரண்டும் சிவந்து, மூக்கோரம் வெடித்து, வாயோரத்தில் பொருக்குக் கட்டியிருந்தது. கிரீம் கடுமையாக இருக்கலாம் என்று நஸ்ரினா மிஸ் அவரை வைத்தியரிடம் அனுப்பினார். வைத்தியர் வீரியம் குறைந்த கிரீமுக்கு மாற்றினார். அடுத்த தடவை வந்தபோதும் அதே சிவப்பு. ஒரு நாளைக்கு எத்தனை தரம் முகம் கழுவுகிறீர்கள் என்று ஒவ்வொரு தடவையும் கேட்டோம். “ரெண்டு தரம்தான், காலைக்கும் ராவைக்கும். நீங்க சொன்ன மாதிரிதான்” என்று ஒவ்வொரு தடவையும் சொன்னார். பொய் சொல்கிற ஆள் இல்லை என்பது பார்த்தாலே தெரியும்.

மூன்றாவது தடவை அவர் வந்த பிற்பகல் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. பாடசாலை விடுமுறைக் காலம். நஸ்ரினா மிஸ் தொழுவதற்காகப் பின்னறைக்குப் போயிருந்தார். ரிப்கா டீச்சர் சீட்டு ஒன்றும் நீட்டவில்லை. அதே கிளென்சரில் இன்னொரு போத்தல் கேட்டார். பிறகு, இதுதான் கடைசி, கிரீமை விட்டுவிடப் போகிறேன் என்றார்.

ஏன் என்று கேட்டேன். கவுண்டர் விளிம்பை விரலால் தடவிக்கொண்டே சொன்னார். முன்பள்ளியில் ஒரு பிள்ளையின் தாய், டீச்சரின் முகத்தில் இருப்பது தொற்றுகிற வருத்தம், பிள்ளைகளுக்கு ஒட்டும் என்று பேசியிருக்கிறார். அவரோடு இன்னும் சிலர் சேர்ந்துகொண்டார்கள். முன்பள்ளியின் அதிபர் நல்ல மனிதர்தான். ஆனாலும் விடுமுறை முடிந்து திறக்கும்போது முகம் இப்படியே இருந்தால் வர வேண்டாம், வேறு ஒருவரைப் பார்த்து வைத்திருக்கிறேன் என்று சொல்லிவிட்டார்.

“பரு இருந்த நேரம் யாரும் ஒண்டும் சொல்லல்ல” என்றார் ரிப்கா டீச்சர். “மருந்து பூசப் போய்த்தான் இந்த நெலம. புள்ளைகள் என்ட மடியில ஏற மாட்டாங்களாம். உம்மாமார் சொல்லி வச்சிருக்காங்க.”

நான் போத்தலைக் கொடுக்கவில்லை. மிஸ் வரும்வரை இருங்கள் என்று கதிரையை இழுத்துப் போட்டேன். பஸ் போய்விடும் என்றார். “நீங்க சொல்லுங்களே. நீங்கதானே எல்லாம் எடுத்துத் தாறீங்க. விடவா, பூசவா?”

“கிரீமைப் பத்தி நான் சொல்லக்கூடாதுங்க டீச்சர். மருந்தாளர்தான் சொல்லணும்” என்றேன். அந்த வசனத்தைச் சொல்லும்போதெல்லாம் எனக்குள் ஏதோ ஒன்று சின்னதாகும். அன்றைக்கு இன்னும் சின்னதானது. அவர் எழும்பிவிடுவாரோ என்ற பயத்தில், “பையைக் கொண்டாந்திருக்கீங்களா? அதையாவது பாப்போம்” என்றேன்.

கொண்டுவந்திருந்தார். கவுண்டரில் ஒவ்வொன்றாக எடுத்து வைத்தேன். மாவு இல்லை, எலுமிச்சை இல்லை, பெயரில்லாத டப்பா இல்லை. வைத்தியர் எழுதியவை மட்டும்தான். இவ்வளவு ஒழுங்கான பையை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. வெயில் கிரீம் முக்கால்வாசி முடிந்திருந்தது. லோஷன் மூடி திறந்து, விளிம்பில் ஒரு துளியோடு, நிரம்பியே இருந்தது. கிளென்சர் போத்தல் வெறும் போத்தல். காலையும் இரவும் கழுவுகிற ஒருவருக்கு அது இன்னும் பல நாட்கள் வந்திருக்க வேண்டும்.

லோஷன் ஏன் பூசவில்லை என்று கேட்டேன். ஒத்துக்கொள்ளவில்லை என்றார். எரிந்ததா என்றால் இல்லை என்றார். முக்காட்டை இழுத்துச் சரிசெய்துகொண்டார். முக்காட்டின் ஓரம் நெற்றிப்பொட்டில் நனைந்து கறுத்திருந்தது. வெளியே மழை இல்லை.

அப்போது பின்னறைக் கதவு திறந்து நஸ்ரினா மிஸ் வந்தார். மடித்த சட்டைக் கையை இறக்கிக்கொண்டே வந்தார். அவருடைய முக்காட்டிலும், அதே இடத்தில், அதே ஈரம். ஒவ்வொரு நாளும் பார்த்த ஈரம்தான். அன்றைக்குத்தான் எனக்கு அது கண்ணில் பட்டது.

“மிஸ்” என்றேன், “இப்ப மொகம் கழுவினீங்கதானே, சவர்க்காரம் போட்டீங்களா?”

“நான் எங்க மொகம் கழுவினேன்?” என்றார். “ஒளு எடுத்தேன். ஒளுவுக்கு யாரு சவர்க்காரம்...”

கவுண்டரில் நிற்கும் வெறும் போத்தலைப் பார்த்தார். நிரம்பிய லோஷனைப் பார்த்தார். பிறகு ரிப்கா டீச்சரைப் பார்த்தார். டீச்சர் தலையைக் குனிந்துகொண்டார்.

அந்தக் கடையில் நஸ்ரினா மிஸ் கவுண்டருக்கு வெளியே வந்து வாடிக்கையாளர் பக்கத்தில் உட்கார்ந்ததை நான் அன்றைக்குத்தான் கண்டேன். இன்னொரு கதிரையைத் தானே இழுத்துப் போட்டுக்கொண்டார். “சொல்லுங்க புள்ள” என்றார்.

ரிப்கா டீச்சர் சொன்னதை நான் இங்கே என் வார்த்தையில் எழுதுகிறேன். தொழுகைக்கு முன் முகம், கை, கால் கழுவுவதுதான் ஒளு. ஒரு நாளில் ஐந்து வேளை. கழுவும்போது தண்ணீர் தோலில் பட வேண்டும். நகத்தில் பூச்சு இருந்தால் தண்ணீர் படாது, அதனால் ஒளு சேராது என்று சின்ன வயதிலிருந்தே தெரியும். அப்படியென்றால் லோஷன் மட்டும் எப்படி? வெயில் கிரீம் எப்படி? வைத்தியரிடம் இதைக் கேட்க வெட்கம். லோஷனை விட்டுவிட்டார். வெயில் கிரீமைப் பூசாவிட்டால் முகம் கறுக்கும் என்று வைத்தியர் எச்சரித்திருந்ததால் அதைப் பூசினார். ஒவ்வொரு ஒளுவுக்கு முன்பும் அது ஒரு பொட்டும் மிஞ்சக் கூடாதென்று கிளென்சர் போட்டுத் தேய்த்துக் கழுவினார். பிறகு மறுபடி பூசினார். விடியற்காலையில் இரவுக் கிரீமையும் அப்படியே தேய்த்து எடுத்தார்.

“எத்தன தரம் மொகம் கழுவுறீங்கன்னு நாங்க கேட்டோமே டீச்சர்” என்றேன்.

“அது ஒளுதானே” என்றார் அவர், நான் கேட்டது புரியாதவர் போல. “மொகம் கழுவுறது வேற. அது ரெண்டு தரம்தான்.” பிறகு, “மென்மையானதுன்னு சொன்னீங்க. எத்தன தரம் போட்டாலும் ஒண்டும் செய்யாதுன்னு நெனச்சேன்” என்றார்.

நஸ்ரினா மிஸ் தன் நெற்றியோரத்து ஈரத்தைத் தொட்டுப் பார்த்தார். பிறகு சிரித்தார். “நானும் அப்படித்தான் சொல்லியிருப்பேன் புள்ள. என்னட்ட யாரும் கேட்டா, ரெண்டு தரம்னுதான் சொல்வேன்.” ரிப்கா டீச்சரும் சிரித்தார். வாயோரப் பொருக்கு இழுத்ததும் சிரிப்பை நிறுத்திக்கொண்டார்.

அதன் பிறகு நடந்தது எல்லாம் வரிசையாக நடந்தது. மிஸ் வைத்தியரைத் தொலைபேசியில் பிடித்து விஷயத்தைச் சொன்னார். எரிச்சல் அடங்கும்வரை கிரீமை நிறுத்தி, பிறகு ஒரு நாள் விட்டு ஒரு நாள் தொடங்கச் சொன்னார் வைத்தியர். இது தொற்றுகிற வருத்தம் அல்ல என்று முன்பள்ளிக்கு எழுதித் தரவும் ஒப்புக்கொண்டார். கிளென்சர் இரவில் ஒரே தடவை. மற்ற ஒளுவெல்லாம் வெறும் தண்ணீர், கொதிக்கிற தண்ணீர் அல்ல, தேய்ப்பதும் இல்லை. ஒற்றி எடுத்துவிட்டு, முகம் முழுக்கக் காய்வதற்கு முன் லோஷன். இரவில் இஷாத் தொழுகை முடிந்த பிறகு, முகத்தை நன்றாகக் காயவிட்டு, லோஷன் பூசி, அதற்கு மேல் ஒரு பட்டாணி அளவு கிரீம். கண்ணோரம், மூக்கோரம், வாயோரம் விட்டுவிட வேண்டும்.

“லோஷன் பூசினா ஒளு சேருமா தாத்தா?” என்று ரிப்கா டீச்சர் கேட்டார். அதுவரை மிஸ் என்று கூப்பிட்டவர், அந்தக் கேள்வியில், முஸ்லிம் வீடுகளில் அக்காவைக் கூப்பிடுவது போலத் தாத்தா என்று கூப்பிட்டார்.

மிஸ்ஸுக்குப் பதில் தெரியும் என்று எனக்குத் தோன்றியது. ஆனால் அவர் சொல்லவில்லை. “மருந்து எனக்குத் தெரியும். மார்க்கத்த ஒங்கட ஆலிமாட்ட கேளுங்க. இந்த லோஷனையும் கிரீமையும் கையில கொண்டுபோய்க் காட்டிக் கேளுங்க” என்றார்.

ஆலிமா என்றால் மார்க்கம் படிப்பிக்கும் பெண். அப்படி ஒருவர் அவர்கள் ஊரில் இருக்கிறார். ரிப்கா டீச்சர் பையோடு அவரிடம் போயிருக்கிறார். அவர் லோஷனைத் தன் புறங்கையில் பூசி, தண்ணீர் விட்டுப் பார்த்தாராம். தோலில் ஊறிவிடுவது தண்ணீரைத் தடுக்காது, படையாக மேலே நிற்பதென்றால் ஈரத் துணியால் ஒற்றித் துடைத்துவிட்டு ஒளு எடு என்றாராம். பிறகு, இது எங்கே வாங்கினாய், எனக்கும் கை வெடிக்கிறது என்று கேட்டாராம். இதை எங்களிடம் வந்து சொன்னபோது ரிப்கா டீச்சரால் நன்றாகச் சிரிக்க முடிந்தது. பொருக்கு விழுந்திருந்தது.

முன்பள்ளி திறக்கும் நாள் வந்தது. கண்ணாடிக் கதவு திறக்கும்போதெல்லாம் நானும் நஸ்ரினா மிஸ்ஸும் நிமிர்ந்து பார்த்தோம். அன்று அவர் வரவில்லை. அடுத்த நாளும் வரவில்லை. வராமல் விட்டதற்கு என்ன அர்த்தம் என்று நான் எனக்குள் பல விதமாகச் சொல்லிப் பார்த்தேன்.

அந்தக் கிழமைக் கடைசியில் வந்தார். முகத்தில் பரு அங்கங்கே இருந்தது. அது போக மாதங்கள் ஆகும். ஆனால் தோல் அமைதியாகியிருந்தது. கன்னத்தில் பச்சையாக ஏதோ தீற்றியிருந்ததைப் பார்த்துப் பதறி, என்ன பூசியிருக்கிறீர்கள் என்று கேட்டேன். தொட்டுப் பார்த்துவிட்டு, வண்ணம் என்றார். ஒரு பிள்ளை வண்ணக் கையோடு மடியில் ஏறிக் கன்னத்தைப் பிடித்திருக்கிறது. அந்தத் தாயின் பிள்ளையா என்று கேட்டேன். “இல்ல, அவங்கட புள்ள இன்னும் கிட்ட வாறல்ல. தூரத்துல நிண்டு பாத்துட்டு ஈக்கிறான்” என்றார். “வருவான்.”

வண்ணத்தைத் துடைக்கப் பஞ்சு நீட்டினேன். வேண்டாம், இருக்கட்டும் என்றார். வீட்டுக்குப் போய் அந்தித் தொழுகைக்கு, மஃரிபுக்கு, எடுக்கும் ஒளுவில் போகும், இல்லாவிட்டால் இஷாவுக்கு முன் கிளென்சரில் போகும் என்று என்னைப் பார்த்து ஒழுங்காக ஒப்புவித்தார்.

போகும்போது கதவடியில் நின்று கேட்டார். “அண்டைக்கு நான் கேட்ட நேரம், நான் சொல்லக்கூடாதுன்னு சொன்னீங்களே. எப்ப நீங்க சொல்லலாம்?”

நான் திரும்பிப் பார்த்தேன். நஸ்ரினா மிஸ் மருந்துச் சீட்டில் எதையோ எழுதிக்கொண்டே, “ம்” என்றார். என்னை நோக்கித்தான்.

அதன் பிறகு எங்கள் கடையில் கேள்வி மாறியது. எத்தனை தரம் முகம் கழுவுகிறீர்கள் என்று நாங்கள் கேட்பதை விட்டோம். காலையில் எழும்பியதிலிருந்து படுக்கும்வரை உங்கள் முகத்தில் எப்போதெல்லாம் தண்ணீர் படுகிறது, ஒவ்வொன்றாகச் சொல்லுங்கள் என்று கேட்கத் தொடங்கினோம். பையில் எல்லாவற்றையும் கொண்டுவர முடியும், தண்ணீரைக் கொண்டுவர முடியாது. கேட்டால் வருகிறது. ஒளு வருகிறது. கோயிலுக்குப் போகும் முன் குழாயடியில் முகத்தில் அடிக்கும் தண்ணீர் வருகிறது. தேயிலைக் கொழுந்தை நிறை போட்டுக் கொடுத்துவிட்டு, லயத்து வீட்டுக்குப் போகும் வழியில் பீலியில் விழும் தண்ணீரில் கழுவுவது வருகிறது. ஷாலினி, நீயும் இதைக் கேள். போனில் வீடியோ காட்டுகிற பிள்ளையிடமும் கேள். அந்தப் பிள்ளை முதலில் சிரிக்கும். பிறகு யோசித்துச் சொல்லும்.

முதலில் சொன்ன அந்த அம்மா திரும்பி வந்தாரா என்று ஷாலினி என்னைக் கேட்டாள். வந்தார். வருடக்கணக்காக வந்தார். கடைசி வரை மிஸ்ஸிடம்தான் பேசினார். அந்த மணி உருளும் போத்தலை மட்டும் அவர் மறுபடி எடுக்கவில்லை.

மருந்தாளர் பயிற்சிக்கு விண்ணப்பிக்கப் போகிறேன் என்று வீட்டில் சொன்னபோது அம்மா அழுதார். அப்பா, படிப்பு முடிந்தால் நீ சொல்லலாமா என்று மட்டும் கேட்டார். ரிப்கா டீச்சர் கதையை அவருக்குச் சொல்லியிருந்தேன். சொல்லலாம்ப்பா என்றேன். இடம் கிடைத்தது. கடையிலிருந்து விலகினேன். பயிற்சியின் முதல் நாள் காலையில் நான் எழும்பும்போது அப்பா என்னிடம் சொல்லாமலே வேலைக்குப் போய்விட்டிருந்தார். எனக்குக் கொஞ்சம் வருத்தம்தான்.

பயிற்சி நிலையம் இருக்கும் வீதியில் பஸ்ஸை விட்டு இறங்கினேன். வாசலுக்கு முன்னால் பாதை, ஒரு இலை இல்லாமல், விளக்குமாற்றுக் கோடுகளோடு ஈரமாகக் கிடந்தது. கொஞ்சம் தள்ளி, என் பக்கம் முதுகைக் காட்டிக்கொண்டு, அப்பா கூட்டிக்கொண்டிருந்தார். அது அவருடைய வீதி இல்லை. அன்றைக்கு மட்டும் தன் வீதியைத் தன்னோடு வேலை செய்யும் ஒருவருக்குக் கொடுத்துவிட்டு இதை வாங்கியிருக்கிறார். என்னோடு படிக்க வந்த பிள்ளைகள் வாசலில் நின்றார்கள். அவர்கள் பார்த்துவிடக் கூடாதென்றுதான் முகத்தைத் திருப்பி வைத்திருந்தார்.

நான் நடந்து போய் அவருக்கு முன்னால் நின்றேன். அவர் முகம் கழுவி, பளிச்சென்று இருந்தது. உடுப்புச் சவர்க்காரத்தின் வாடை இல்லை.

“அப்பா” என்றேன், வாசலில் நின்றவர்களுக்கும் கேட்கும்படி.

அவர் அந்தப் பக்கம் ஒரு தடவை பார்த்தார். பிறகு விளக்குமாற்றைக் கைமாற்றிப் பிடித்துக்கொண்டு, “நேரமாச்சும்மா, உள்ள போ. ஈரமா இருக்கு, பாத்து நட” என்றார்.

அவர் கூட்டி வைத்த பாதையில் பார்த்து நடந்து, உள்ளே போய், முன்வரிசைக் கதிரையில் உட்கார்ந்தேன்.